480 நாள் வேலை பார்த்தால் நிரந்தரமா?

“இரண்டு வருடத்தில் 480 நாள் வேலை பார்த்த தற்காலிக ஊழியரை நிரந்தரமாக்கியே ஆக வேண்டும், இது சட்டம்” என்று ஒரு வாட்ஸ்அப் செய்தி சுற்றுகிறது. சிங்கப்பூர் தேக்கா காப்பிக்கடையில் ஓர் அக்கா அதைக் காட்டினார். மேசையில் பிளாஸ்டிக் உறைக்குள் எட்டு ஒப்பந்தத் தாள்கள், வருடத்துக்கு ஒன்று. அவருடைய ஆசை புரிகிறது. ஆனால் இங்கே சிங்கப்பூரில் அப்படி ஒரு சட்டம் இல்லை.

480 நாள் கணக்கு தமிழ்நாட்டின் 1981ஆம் ஆண்டுச் சட்டத்தில் உள்ளது. அங்குள்ள தொழில் நிறுவனங்களுக்கானது. கடல் தாண்டி இங்கே செல்லாது.

சரி, அக்காவுக்கு உரிமையே இல்லையா? இருக்கிறது. வேலை நியமனச் சட்டம் ஒப்பந்த ஊழியர்களுக்கும் பொருந்தும். சிங்கப்பூரர், நிரந்தரவாசி என்றால் மத்திய சேம நிதியும் (CPF சேமிப்பு) உண்டு.

எனக்கு முக்கியமாகப் படுவது வருடாந்தர விடுப்புக் கணக்கு. முதல் வருடம் 7 நாள், பிறகு வருடத்துக்கு ஒரு நாள் கூடி எட்டாம் வருடம் 14 நாள். ஒப்பந்தம் புதிதானதும் பலருக்கு மறுபடி ஏழிலிருந்து தொடங்குகிறார்கள். ஒப்பந்த ஊழியர்களுக்கான முத்தரப்புத் தரநிலையோ (அரசு, முதலாளிகள், தொழிற்சங்கம் சேர்ந்து வகுத்த நடைமுறை), 14 நாளோ அதற்கு மேலோ ஆன ஒப்பந்தத்தை ஒரு மாதத்துக்குள் புதுப்பித்தால் சேவையைத் தொடர்ச்சியாகவே எண்ணச் சொல்கிறது. உங்கள் முதலாளி அதை ஏற்றவரா என்று கேளுங்கள்.

அப்புறம், சம்பள பாக்கி இருந்தால் வேலையை விட்ட 6 மாதத்துக்குள் புகார் கொடுங்கள். பழைய ஒப்பந்தங்களைத் தூக்கி எறியாதீர்கள்.