பாதி கேஸ் டுபாக்கூர்னு எழுதின புண்ணியவானுக்கு

அந்தக் கல்யாண வீடியோ பத்தி எழுதக் கூடாதுன்னுதான் ரெண்டு நாளா வாயைப் பொத்திக்கிட்டு இருந்தேன். ஆக்சிடென்ட்ல கால் போச்சுன்னு நஷ்டஈடு கேட்டவர் கல்யாணத்துல குத்தாட்டம் போட்டாரா? பொய்க் கேஸ்னா உள்ள தள்ளுங்க, யார் வேணாம்னது? ஆனா அதுக்குக் கீழ நம்ம நண்பர் ஒருத்தர் "ஆக்சிடென்ட் கிளெய்ம்ல பாதி டுபாக்கூர்"னு போட, அதுக்கு வரிசையா ஹார்ட்டின் வேற. அங்கதான் சுருக்குன்னுச்சு.

பொய்க் கேஸே இல்லைன்னு நான் சொல்லல. உத்தரப் பிரதேசத்துல போலி கிளெய்ம்களை விசாரிக்கச் சிறப்புப் புலனாய்வுக் குழு போட்டாங்க, விஷயம் சுப்ரீம் கோர்ட் வரை போச்சு. இன்சூரன்ஸ் இல்லாத வண்டி இடிச்சிருக்கும், இன்சூரன்ஸ் இருக்கிற வண்டியைக் கேஸ்ல சொருகுவாங்க. சொருகினவனைப் பிடிங்க. ஆனா வண்டியைச் சொருகத்தான் லேட்டாச்சுன்னு சந்தேகப்பட, லேட்டா புகார் கொடுத்தவனெல்லாம் திருடன் இல்ல. லேட்டு வேற, பொய் வேற.

2016ல சென்னை மத்திய கைலாஷ் பக்கத்துல எங்க அப்பாவை ஒரு வேன் தட்டிட்டு நிக்காமப் போச்சு. இளநீர்க்காரர் நம்பரை சிகரெட் அட்டையில குறிச்சு வச்சிருந்தார். கொண்டுபோய்ச் சேர்த்த ஆட்டோக்காரருக்கு என்ன தெரியும்? ஏ.ஆர். காப்பியில, அதான் ஆஸ்பத்திரி விபத்துப் பதிவேட்டுல, "வண்டியிலிருந்து விழுந்தார்"னு ஏறிடுச்சு. தொடையில பிளேட் வச்சு, ஆளு கண் முழிச்சு, நாங்க ஸ்டேஷனுக்குப் போனது ஒன்பதாவது நாள்.

அவ்வளவுதான். இன்சூரன்ஸ் வக்கீல் அந்த ஒரு வரியையே பிடிச்சுக்கிட்டார். "நீங்களாத்தானே விழுந்தீங்க? வேனை யார் ஏற்பாடு பண்ணாங்க?" இறங்கின பிறகும் பஸ் டிக்கெட்டை வீடு வரைக்கும் பத்திரமா வச்சிருக்கிற மனுஷன்யா எங்கப்பா! கூண்டுல நின்னு வேட்டியை ஒதுக்கித் தழும்பைக் காட்டினார். யாரும் காட்டச் சொல்லல.

"கோர்ட் சந்தேகப்படத்தானே செய்யும்?" படட்டும். புகார் லேட்டுங்கிற ஒரே காரணத்துக்காகக் கிளெய்மைத் தள்ளக் கூடாதுன்னு 2011லயே சுப்ரீம் கோர்ட் சொல்லியாச்சு. கொலைக் கேஸ் மாதிரி சந்தேகத்துக்கு இடமில்லாம நிரூபிக்க வேண்டியதில்ல, எது நடந்திருக்க வாய்ப்பு அதிகம்னுதான் தீர்ப்பாயம் பார்க்கணும். எங்க கேஸ்ல இளநீர்க்காரர் சொன்னதை நம்பினாங்க. அவர் ஒரு நாள் வியாபாரத்தை விட்டுட்டு வந்தார், அதுவும் சொல்லணும். நாள் ஆக ஆக ஆதாரம் அழியும்கிறது நியாயம்தான். அதுக்குத்தான் இப்போ நஷ்டஈடு மனு போட ஆறு மாசக் கெடு வந்துடுச்சே, 2022 ஏப்ரல்லேர்ந்து. இன்னும் என்ன, ஆம்புலன்ஸ்ல படுத்துக்கிட்டே மனு எழுதணுமா?

"பிரீமியம் ஏறுதே"ன்னு ஒருத்தர் இன்பாக்ஸ்ல. ஏறட்டும் சார். போங்க.

நேத்து மச்சான் நிச்சயதார்த்தம். பசங்க அப்பா கையைப் பிடிச்சு ஆட இழுத்தாங்க. கேஸ் முடிஞ்சு அஞ்சு வருஷம் ஆச்சு. மனுஷன் எந்திரிச்சார், சுத்தி யார் கையில போன் இருக்குன்னு ஒரு பார்வை பார்த்தார், திரும்ப உட்கார்ந்துட்டார்.