ஜெனெட் ரான்கின் தனியாக நின்றது எந்தப் போரில்?

"1917இல் அமெரிக்கா முதல் உலகப் போரில் இறங்கியபோது எதிர்த்து வாக்களித்த ஒரே உறுப்பினர் ஜெனெட் ரான்கின்" என்று ஒரு செய்தி பகிரப்பட்டு வருகிறது. இது தவறு.

1917 ஏப்ரல் 6 அன்று பிரதிநிதிகள் சபையில் போருக்கு ஆதரவாக 373 வாக்குகள், எதிராக 50. அந்த ஐம்பதில் ஒன்றுதான் ரான்கினுடையது. செனட்டிலும் ஆறு பேர் எதிர்த்தார்கள். மற்றவர்களை மறந்துவிட்டு இவரை மட்டும் நினைவில் வைத்ததற்குக் காரணம், அமெரிக்க நாடாளுமன்றத்துக்குத் தேர்வான முதல் பெண் இவர் என்பதே. மொன்டானா மாநிலம் 1914இலேயே பெண்களுக்கு வாக்குரிமை கொடுத்தது. 1916இல் அங்கிருந்து வென்றார். நாடு முழுவதும் பெண்களுக்கு வாக்குரிமை தந்த அரசியலமைப்புத் திருத்தம் வந்தது 1920இல்.

அவர் உண்மையிலேயே தனித்து நின்றது 1941 டிசம்பர் 8 அன்று. பேர்ல் துறைமுகத் தாக்குதலுக்கு மறுநாள், ஜப்பான் மீதான போர்ப் பிரகடனம்: 388க்கு 1. அவையில் சீறல் எழுந்தது. வெளியே சூழ்ந்த கூட்டத்திடமிருந்து தப்ப ஒரு தொலைபேசிக் கூண்டுக்குள் புகுந்து கதவைச் சாத்திக்கொண்டார். காவலர்கள் வந்துதான் அலுவலகம்வரை அழைத்துச் சென்றார்கள். அப்போது அவருக்கு வயது 61. மூன்று நாள் கழித்து ஜெர்மனி மீதான வாக்கெடுப்பில் எதிர்க்கவில்லை, "அவையில் இருக்கிறேன்" என்று மட்டும் பதிவு செய்தார். இதையும் பலர் மாற்றிச் சொல்கிறார்கள்.

இரண்டு வாக்குகளையும் ஒன்றாகக் குழைத்தால், 1917இல் துணிந்த மற்ற 49 பேரும் காணாமல் போகிறார்கள். 1941இன் அந்தத் தனிமையும் மங்கிவிடுகிறது. பகிர்ந்தவர்கள் தயவுசெய்து ஆண்டைத் திருத்துங்கள்.