பரணியில் பிறந்த பிள்ளைக்கு லூசியன் என்று வைக்கலாமா?

போன செவ்வாய்க்கிழமை கடையை மூடுகிற நேரத்துக்கு ஒரு தம்பி வந்தார். பெயர் சூட்டு விழாவுக்கு 150 கார்டு அடிக்க வேண்டும். அவர் கல்யாணக் கார்டும் நம்மிடம்தான் அடித்தார். மாதிரி ஆல்பத்தைப் புரட்டிக்கொண்டே இருந்தவர், "அண்ணா, உங்க பேருக்கு அர்த்தம் வெளிச்சம்தானே?" என்றார்.

என் பெயர் லூசியன். சேலத்தில் முப்பது வருஷமாக அச்சகம் நடத்துகிறேன். என் பெயரைக் கேட்டுச் சிரித்தவர்கள் உண்டு, இரண்டு தடவை எழுத்துக்கூட்டச் சொன்னவர்கள் உண்டு. அர்த்தம் கேட்டவர் இவர்தான் முதல் ஆள்.

விஷயம் இதுதான். பையன் பரணி நட்சத்திரம். பரணிக்கு லி, லு, லே, லோ. அந்த எழுத்தில்தான் பெயர் தொடங்க வேண்டும் என்று ஜோசியர் சொல்லிவிட்டார். பரணியில் பிறந்தவன் தரணி ஆள்வான் என்று வீட்டில் ஒரே சந்தோஷம்தான். ஆனால் தரணி ஆளப் போகிறவனுக்குப் பெயர் கிடைக்கவில்லை. லோகநாதன் பெரியப்பா பெயர். லோகேஷ் தெருவுக்கு ஒருவர். லிங்கேஸ்வரன் மனைவிக்குப் பிடிக்கவில்லை. லெனின் மாமனாருக்குப் பிடிக்கவில்லை. அப்புறம் கைபேசியில் தேடியதில் லூசியன் வந்திருக்கிறது. அபூர்வமான ஆண் பெயர், லத்தீன் வேர், ஒளி என்று பொருள். அட, கார்டு அடிக்கிற அண்ணன் பெயர் ஆச்சே என்று நேராக வந்துவிட்டார்.

அவர் கஷ்டத்துக்கு ஜோசியர் மட்டும் காரணமில்லை. ல என்ற எழுத்தில் தமிழ்ச் சொல் தொடங்காது என்பது தொல்காப்பியக் காலத்து விதி. அதனால்தான் லட்சுமியை இலக்குமி என்றும் லட்சியத்தை இலட்சியம் என்றும் முன்னால் ஒரு 'இ' போட்டு எழுதினார்கள். லு-வில் நல்ல தமிழ்ப் பெயர் தேடுவது, கோடையில் ஏற்காட்டுக் கிளியூர் அருவியில் குளிக்கப் போவது மாதிரி. இருக்கும் என்று நம்பிப் போகலாம், அவ்வளவுதான். என்னுடைய தமிழாசிரியர் ஒருவர் வருகைப் பதிவேட்டில் என் பெயரை 'இலூசியன்' என்றுதான் கடைசி வரை எழுதினார். அவர் ஒருவர்தான் என் பெயருக்கு மரியாதை கொடுத்தவர் என்று இப்போது தோன்றுகிறது. அப்போது கோபமாக வந்தது.

தம்பியிடம் அன்றைக்கு அவசரத்தில் பாதிதான் சொன்னேன். மீதியை இங்கே எழுதுகிறேன். பிள்ளைக்குப் பெயர் தேடிக்கொண்டு வருகிறவர்கள் வாரத்துக்கு நாலு பேராவது கடைக்கு வருவதால், அவர்களுக்கும் சேர்த்து.

முதலில் அர்த்தம். லத்தீனில் லக்ஸ் என்றால் ஒளி. குளியலறை சோப்பு டப்பாவைத் திறந்து பார்த்தால் அதே சொல்தான். லூமென் என்றாலும் ஒளிதான். எல்இடி பல்பு வாங்கும்போது பெட்டியில் 900 லூமென் என்று போட்டிருப்பதைப் பார்த்திருப்பீர்கள். அந்த லக்ஸிலிருந்து வந்தது லூசியஸ். விடிகிற நேரத்தில் பிறந்த பிள்ளைக்கு வைத்த பெயர் என்று பழைய ரோமானியர்களே விளக்கம் சொன்னார்கள். லூசியஸிலிருந்து வந்தது லூசியானுஸ். லூசியஸைச் சேர்ந்தவன் என்று அர்த்தம், சேலத்துக்காரன் என்கிற மாதிரி. அதுதான் ஊர் ஊராகத் தேய்ந்து லூசியன் ஆனது. ஆக, கறாராகச் சொன்னால் என் பெயருக்கு அர்த்தம் ஒளி இல்லை, ஒளிக்காரன் வீட்டு ஆள். கொஞ்சம் தூரத்துச் சொந்தம்.

'அபூர்வமான' என்று சொல்கிறார்களே, அதுதான் எனக்குச் சிரிப்பு. ரோமாபுரியில் ஆண் பிள்ளைக்கு வைக்க மொத்தமே இருபதுக்கும் குறைவான முதற்பெயர்கள்தான் ஒரு காலத்தில் புழக்கத்தில் இருந்தன. அதில் அதிகம் பேருக்கு இருந்த பெயர்களில் ஒன்று லூசியஸ். நம் ஊரில் முருகன், செந்தில் மாதிரி. கல்வெட்டில் முழுதாக எழுதக்கூட மாட்டார்கள், ஓர் எழுத்து போட்டால் போதும், எல்லோருக்கும் புரிந்துவிடும். இரண்டாயிரம் வருஷம் கழித்து சேலம் செவ்வாய்ப்பேட்டையில் ஒருவருக்கு அது அபூர்வம்.

அர்த்தம் பிள்ளையைக் காப்பாற்றும் என்று நினைப்பவர்களுக்கு ஒரு தகவல். நீரோ மன்னன் பிறந்தபோது அவனுக்கு வைத்த பெயர் லூசியஸ். கி.பி. 64-ல் ரோம் எரிந்ததே, கிறிஸ்தவர்கள் மேல் பழியைப் போட்டுக் கொன்றானே, அவன்தான். விடியலில் பிறந்தவன்!

சரி, இதெல்லாம் புத்தகத்தில் இருக்கிற பெயர். வாயில் இருக்கிற பெயர் வேறு. அங்கேதான் நான் ஐம்பது வருஷமாக மாட்டிக்கொண்டிருக்கிறேன்.

தமிழில் ஒருவரைக் கூப்பிடும்போது என்ன செய்கிறோம்? முருகன் முருகா ஆகிறான், கண்ணன் கண்ணா ஆகிறான். அப்படியானால் லூசியன்? லூசியா. டிசம்பர் 13-ம் தேதி திருநாள் கொண்டாடுகிறார்களே, கையில் தட்டு, தட்டில் இரண்டு கண்கள், அந்தப் புனிதையின் பெயர். ஏற்காட்டில் வாசலில் நின்று என் அம்மா "லூசியா, சாப்பிட வா" என்று குரல் கொடுத்தால், இரண்டு வீடு தள்ளியிருந்த லூசியா அக்கா எட்டிப் பார்ப்பார். தோட்டத்து ஆட்களின் வரிசை வீடுகளான எங்கள் லயனில் இது தினசரி வேடிக்கை. பின்னாளில் ஒரு அடையாள அட்டையில் என் பெயரை லூசியா என்றே அடித்து, பாலினம் பெண் என்றும் போட்டுவிட்டார்கள். மீசையோடு போய் நின்றேன். கவுண்டரில் இருந்தவர் என்னையும் அட்டையையும் மாறி மாறிப் பார்த்துவிட்டு, "போட்டோ மாறிடுச்சா சார்?" என்றார். திருத்த நாலு தடவை அலைந்தேன். அவர் மேல் தப்பில்லை. விளி வேற்றுமை மேல்தான் தப்பு.

அப்புறம் அந்த இன்னொரு சொல். எழுதவே வேண்டாம், நீங்களே யூகித்திருப்பீர்கள். ஏற்காட்டிலிருந்து இறங்கி சேலத்துப் பள்ளிக்கூடத்தில் ஆறாம் வகுப்பு சேர்ந்த முதல் நாள். ஆசிரியர் பெயர் வாசித்துக்கொண்டே வந்தவர் 'லூசி' வரை வந்து, எழுத்துப் புரியாமல் ஒரு நொடி நிறுத்தினார். அந்த ஒரு நொடி போதும். பின்பெஞ்சிலிருந்து ஒருவன் அதை வேறு மாதிரி முடித்துவைத்தான். பன்னிரண்டாவது முடிகிற வரைக்கும் நான் 'லூசு'தான். இன்றைக்கும் ஐந்து ரோட்டில் பழைய நண்பன் பார்த்தால் அப்படித்தான் கூப்பிடுகிறான், பாசமாக. எனக்குப் பழகிவிட்டது. மூன்று மாதப் பிள்ளைக்கு அதை முன்கூட்டியே எழுதிக் கொடுக்க வேண்டுமா என்பதுதான் கேள்வி.

சபையிலும் நிம்மதி கிடையாது. ஜெபக் கூட்டத்துக்கு வரும் ஒரு பெரியம்மா, "என்னய்யா, லூசிபருக்குப் பக்கத்துல வருது" என்று முகத்துக்கு நேராகவே சொன்னார். சாத்தானுக்குச் சொல்கிற பெயர் அது. அந்தச் சொல்லும் அதே வேர்தான், ஒளியைக் கொண்டுவருகிறவன், விடிவெள்ளி. ஏசாயா 14-ம் அதிகாரத்தில் வானத்திலிருந்து விழுகிற விடிவெள்ளியைத்தான் லத்தீன் பைபிளில் லூசிபர் என்று எழுதினார்கள். அதே லத்தீன் பைபிளில் பேதுருவின் இரண்டாம் கடிதத்தில் நம் இருதயங்களில் உதிக்கிற விடிவெள்ளியும் லூசிபர்தான். சார்தீனியாவில் நாலாம் நூற்றாண்டில் லூசிபர் என்றே ஒரு ஆயர் இருந்தார். இதைச் சொன்னால் பெரியம்மா இன்னும் கலங்கிப்போவார் என்று விட்டுவிட்டேன். பதிலுக்கு, அவர் கையிலிருந்த பழைய மொழிபெயர்ப்பு வேதாகமத்தை வாங்கி அப்போஸ்தலர் 13-ம் அதிகாரத்தைத் திறந்து காட்டினேன். அந்தியோகியா சபையில் இருந்தவர்கள் வரிசையில் சிரேனே ஊரானாகிய லூகி என்று ஒருவர் வருகிறார். லூசியஸ்தான் அவர். லூகி! எவ்வளவு அழகாகத் தமிழாக்கியிருக்கிறார்கள். இன்னாசி, சவேரியார், ராயப்பர், சின்னப்பர் என்று ஒரு காலத்தில் வெளிநாட்டுப் பெயர்களை நம் வாய்க்கு ஏற்ற மாதிரி வளைத்து வைத்துக்கொண்டோம். அலோசியஸ் கொன்சாகா என்ற புனிதருக்கு ஞானப்பிரகாசியார் என்று பெயர் வைத்தவர் யாரோ, அவர் கையைத் தேடிப் பிடித்து முத்தமிட வேண்டும். இப்போது நாம் பெயரை வளைப்பதில்லை, நாக்கை வளைக்கிறோம்.

இவ்வளவு சொல்கிறாயே, உனக்கு எப்படி இந்தப் பெயர் வந்தது என்று தம்பி கேட்டார். அது என் தாத்தா பெயர்.

தாத்தா ஏற்காட்டில் காப்பித் தோட்டத்து மேஸ்திரி. 1921 ஜனவரியில், பழம் எடுப்பு மும்முரமாக நடக்கிற நாளில் பிறந்தவர். ஜனவரி 7 அந்தியோகியா லூசியனின் திருநாள். 312-ல் நிக்கோமேதியாவில் வேதசாட்சியாக மரித்த குரு அவர், வேதாகமப் பிரதிகளைத் திருத்திச் செப்பனிட்ட படிப்பாளி. (புரூஃப் பார்த்தவர் என்று வைத்துக்கொள்வேன், எனக்கு அதில் ஒரு அற்பப் பெருமை.) சேலம் மறைமாவட்டம் உருவானது 1930-ல், அதற்கும் முன்னால், பிரெஞ்சுப் பாதிரிமார் காலம். பிள்ளையைத் தூக்கிக்கொண்டு போனால் அன்றைக்கு எந்தப் புனிதர் நாளோ அந்தப் பெயர். ஞானஸ்நானப் பதிவேட்டில் லத்தீனில் லூசியானுஸ் என்று எழுதியாயிற்று. அர்த்தம் யாரும் கேட்கவில்லை. கேட்டிருந்தாலும் தாத்தாவின் அப்பாவுக்குப் புரிந்திருக்காது.

தோட்டத்து ஆட்கள் அவரை லூசப்ப மேஸ்திரி என்றார்கள். ஒருவர்கூடச் சிரித்ததில்லை. ஏன் சிரிக்க வேண்டும்? அந்த இங்கிலீஷ் சொல் அப்போது அந்த மலையில் அந்த அர்த்தத்தில் நடமாடவில்லை. பெயர் அதே பெயர்தான். அறுபது வருஷத்தில் அடியில் இருந்த மொழி நகர்ந்துவிட்டது. நான் வந்து இறங்கியது வேறு இடத்தில்.

அவரோடு மலை விளிம்பில் இருக்கிற லேடீஸ் சீட்டுக்குப் போன சாயங்காலங்கள் நினைவிருக்கின்றன. கீழே சேலம் ஒவ்வொரு விளக்காகப் போட்டுக்கொண்டே வரும். தாத்தா விளக்கைப் பற்றி எதுவும் சொன்னதில்லை. "அந்தா, வரிசையா நிக்குது பாரு, அதான் ஜங்ஷன். அதுக்கு இந்தப் பக்கம் உங்கத்தை வீடு" என்று கைகாட்டுவார். எனக்குப் பன்னிரண்டு வயதாக இருக்கும்போது போய்விட்டார். பெயருக்கு ஒளி என்று அர்த்தம் என்பதே எனக்கு முப்பது வயதுக்கு மேல் ஒரு காலண்டர் வேலை வந்தபோதுதான் தெரியும். தெரிந்தபோது பெரிதாக ஒன்றும் தோன்றவில்லை. லூசியன் என்றால் எனக்கு அந்தக் கம்பளிச் சட்டை வாசம், அந்த நீட்டிய கை. பள்ளிக்கூடத்தில் வாங்கிய பேச்செல்லாம் அதனால்தான் தாங்கியது என்று நினைக்கிறேன். பின்னால் ஒரு ஆள் நின்றார்.

தம்பியின் லூசியனுக்குப் பின்னால் யார் நிற்கிறார்? ஒரு பட்டியல். அதுதான் என் ஆட்சேபம். லத்தீன் என்பதால் இல்லை, வேற்று மதம் என்பதாலும் இல்லை. ஸ்டாலினும் லெனினும் நம் ஊரில் எவ்வளவு இயல்பாக நடமாடுகிறார்கள்! யாரோ ஒருவர் மேல் வைத்த பிரியம் அந்தப் பெயர்களைக் கொண்டுவந்தது. அர்த்தத்துக்காக மட்டும் பொறுக்கியெடுத்த பெயரை என் மிஷினில் தினமும் அடிக்கிறேன். கார்டில் பெயருக்குக் கீழே அடைப்புக்குறி போட்டு அர்த்தத்தையும் அச்சடிக்கச் சொல்கிறார்கள். விருந்துக்கு வருகிற பெரியவர்களால் அதை வாசிக்க முடியவில்லை, பாட்டியால் கூப்பிட முடியவில்லை.

நியாயமாக ஒன்றையும் ஒப்புக்கொள்ள வேண்டும். என் மகன் பிறந்தபோது அவனுக்கு இந்தப் பெயரை நான் வைக்கவில்லை. என் மனைவி ஒரே வார்த்தையில் வேண்டாம் என்றாள், நானும் மல்லுக்கு நிற்கவில்லை. பிரகாஷ் என்று வைத்தோம். அதுவும் ஒளிதான், யாரும் கவனிக்கவில்லை. அவன் வகுப்பில் இரண்டு பிரகாஷ், இனிஷியல் சொல்லித்தான் கூப்பிட்டார்கள். இப்போது அவன், "உங்க தாத்தா பேர எனக்கு வெச்சிருக்கலாம்ல, யாருக்கும் இல்லாத பேரு" என்கிறான். பட்டது நான், ஆசை அவனுக்கு.

தம்பிக்கு நான் சொன்னது இரண்டு விஷயம். ஒன்று, அவசரமே இல்லை. பிறப்பை 21 நாளுக்குள் பதிந்தால் போதும், பெயரை ஒரு வருஷம் வரை கட்டணம் இல்லாமல் சேர்க்கலாம். இரண்டு, மொட்டை மாடியில் நின்று அந்தப் பெயரைச் சத்தமாக நாலு தடவை கூப்பிட்டுப் பாருங்கள். ஒரு தடவை செல்லமாக, ஒரு தடவை கோபமாக, ஒரு தடவை பஸ்ஸுக்கு நேரமான அவசரத்தில். நாலாவது தடவை உங்கள் அம்மாவைக் கூப்பிடச் சொல்லுங்கள்.

நேற்று போன் செய்தார். மாடியில் கூப்பிட்டாராம். எதிர் வீட்டுக்காரர் "யாரைடா திட்டுற?" என்று கேட்டாராம். லூசியன் போயிற்று. புதிது இன்னும் வரவில்லை. பிள்ளை பிறந்த நாளிலிருந்து அவர் அம்மா அவனைக் 'கண்ணு' என்றுதான் கூப்பிடுகிறாராம், அது பரணி எழுத்தில் வராதே என்று வருத்தப்பட்டார். கார்டு புரூஃப் என் மேஜையில் இருக்கிறது. 'செல்வன்' என்று போட்டு அதற்குப் பக்கத்தில் புள்ளி புள்ளியாக வைத்திருக்கிறேன். வெள்ளிக்கிழமை மத்தியானத்துக்குள் பெயர் வந்தால்தான் மிஷினில் ஏற்ற முடியும்.