வீக்கம் இல்லை என்றால் விஷம் இல்லையா?

ஏற்காடு எஸ்டேட் பக்கம் நாயைப் பாம்பு கடித்து, கடிவாய் வீங்காவிட்டால் விஷம் ஏறவில்லை, விடியும்வரை பார்க்கலாம் என்று ஒருவர் சொல்லியிருக்கிறார். கண்ணாடி விரியன் கடிக்குப் பெரும்பாலும் வீங்கும், சரி. கட்டுவிரியன் அப்படி இல்லைங்க. பல்தடமே ரோமத்துக்குள் தெரியாது. அதன் விஷம் நரம்பு தசையைத் தொடும் இடத்தைத் தாக்கும். இமை சொக்கும், குரைப்பு கம்மிப்போகும், விழுங்க முடியாமல் எச்சில் வாயோரம் ஒழுகும், பின்னங்கால் தள்ளாடும். அப்புறம் மூச்சுத் தசைகளும் செயலிழந்துவிடும். அந்த நிலையில் விஷமுறிவு மருந்து மட்டும் போதாது, குழாய் வைத்து மூச்சு கொடுக்க வேண்டிவரும். ராத்திரியில் மலை மேல் அதற்கு எங்கே போவது? உலக சுகாதார நிறுவனத்தின் 2016 பாம்புக்கடி வழிகாட்டியில் கட்டுவிரியன் கடி பற்றித் தேடிப் பாருங்கள். மனிதர்களுக்காக எழுதியதுதான், ஆனால் விஷம் அதேதான். சேலத்தில் எந்தக் கால்நடை மருத்துவரையும் கேட்கலாம்.