கீட்டனை வீழ்த்தியது மைக் இல்லை

"பேசும் படம் வந்தது, பஸ்டர் கீட்டன் காணாமல் போனார்" என்று அந்த அமெரிக்க மௌனப் பட நகைச்சுவை நடிகர், இயக்குநரைப் பற்றி யாராவது சொன்னால் எனக்குச் சுருக்கென்று கோபம் வந்துவிடும். நேற்றும் ஒரு நண்பர் சொன்னார். அவரிடம் சொன்னது போதவில்லை, மிச்சத்தை இங்கே கொட்டுகிறேன்.

குரல் ஒத்துவராமல் வீட்டுக்குப் போன நடிகர்கள் உண்டுதான். கீட்டன் அந்தக் கணக்கில் வரமாட்டார். 1895இல் பிறந்து, நடை பழகிய கையோடு மேடை ஏறிய ஆள். அப்பா, அம்மா, பையன் மூவரும் சேர்ந்து ஊர் ஊராகக் கூத்தடித்த குடும்பம் அது. அப்பா பையனைத் தூக்கி மேடைக்குக் குறுக்கே வீசுவார். வீச வாகாக, சட்டையின் முதுகில் பெட்டிக் கைப்பிடி ஒன்றைத் தைத்து வைத்திருந்தார்கள்! விழுந்து எழுந்து தானும் சிரித்தால் கூட்டம் சிரிப்பதில்லை, முகத்தை உம்மென்று வைத்திருந்தால்தான் சிரிக்கிறது என்பதை அந்த வயதிலேயே பிடித்துவிட்டார். இப்படி வளர்ந்தவருக்கு மைக்கைக் கண்டு என்ன பயம்? கரகரத்த குரல்தான். ஆனால் அந்த முகத்துக்கு அளவெடுத்துத் தைத்த குரல்.

பறிபோனது வேறு. 1920களில் அவர் கையில் இருந்த சின்ன ஸ்டூடியோவில் முழுதாக எழுதிய திரைக்கதை என்று ஒன்று இருந்ததே இல்லை. ஆரம்பமும் முடிவும் சிக்கினால் போதும், நடுவில் உள்ளது தானாக வரும் என்பார். ஐடியா வராவிட்டால் யூனிட்டே பேஸ்பால் ஆடப் போய்விடும். யாருக்காவது பொறி தட்டினால் மட்டையைப் போட்டுவிட்டுக் கேமராவுக்கு ஓடிவருவார்கள்.

1926இல் 'தி ஜெனரல்' எடுத்தார். எரியும் பாலத்தோடு நிஜ ரயில் எஞ்சினையே ஆற்றில் இறக்கினார். அள்ளி இறைத்த காசு திரும்பவில்லை. 1928இல் அவருடைய தயாரிப்பாளர் அவரை எம்.ஜி.எம். என்ற பெரிய ஹாலிவுட் கம்பெனி பக்கம் தள்ளிவிட்டார். "போகாதே" என்று சாப்ளினே எச்சரித்திருக்கிறார். கேட்கவில்லை. தன் வாழ்க்கையிலேயே பெரிய தப்பு அதுதான் என்று பின்னாளில் அவரே சொன்னார்.

அங்கே எல்லாம் முன்கூட்டியே தாளில் இருக்க வேண்டும். ஆபத்தான சாகசம் கூடாது. இதில் எனக்கு ஆறவே ஆறாத ஒன்று உண்டு. ஒலி வந்த புதிதில் வெளிநாட்டுச் சந்தைக்காக ஒரே படத்தைப் பல மொழிகளில் தனித்தனியாக எடுத்தார்கள். கீட்டனும் ஸ்பானிஷ், பிரெஞ்சு, ஜெர்மன் வசனங்களை அர்த்தம் தெரியாமல் உருப்போட்டு ஒப்பித்தார். மௌனப் படத்தில்கூட வசனம் காட்டும் எழுத்து அட்டை அதிகம் போட விரும்பாத மனுஷன்! கீழே விழுவதற்கு எந்த ஊரில் மொழிபெயர்ப்பு கேட்டார்கள்?

வேடிக்கை என்னவென்றால், அந்தச் சுமாரான பேசும் படங்கள் நன்றாகவே ஓடின. கம்பெனிக்கு வேறென்ன வேண்டும்? குடி முற்றியது, 1932இல் விவாகரத்து, 1933இல் வேலையும் போனது. (குடிப்பழக்கத்துக்கும் கம்பெனியே காரணம் என்று நான் வாதாடவில்லை.) வாரம் 3,000 டாலர் வாங்கிய இடத்துக்கே பிற்பாடு 100 டாலருக்கு, அடுத்தவர் படங்களுக்கு நகைச்சுவை எழுதித் தரப் போனார். கொண்டாட்டமெல்லாம் கடைசியில்தான் வந்தது. 1965 வெனிஸ் திரைப்பட விழாவில் அரங்கமே எழுந்து கைதட்டியது. அடுத்த பிப்ரவரியில் ஆள் இல்லை.

கீட்டன் என்றாலே வீட்டுச் சுவர் மேலே விழும் காட்சியைத்தான் எல்லாரும் பகிர்கிறார்கள். எனக்கு 'தி ஜெனரல்' படத்தில் வரும் சின்னக் காட்சி போதும். காதலி கோபித்துக்கொண்டு போய்விட்டாள். எஞ்சின் சக்கரங்களை இணைக்கும் இரும்புத் தண்டின் மேல் சோகமாக உட்கார்ந்திருக்கிறார். எஞ்சின் நகர்கிறது. தண்டு அவரைத் தூக்குகிறது, இறக்குகிறது, மறுபடி தூக்குகிறது. நீராவி கொஞ்சம் கூடிச் சக்கரம் சுழன்றால் உயிர் போய்விடும் என்று ஓட்டுநர் முன்பே சொல்லியிருந்தாராம். முகத்தில் ஒரு சலனமும் இல்லை. கொட்டகைக்குள் எஞ்சின் நுழையும் அந்தக் கடைசி நொடியில்தான் லேசாகத் திரும்பிப் பார்க்கிறார்.