கவசமில்லாத ஜீரோ: காரணம் சாமுராய் மரபா, எஞ்சினா?

இரண்டாம் உலகப் போரில் ஜப்பான் பறக்கவிட்ட புரொப்பெல்லர் விமானங்களைப் பற்றிப் பேச்சு வரும்போதெல்லாம் ஒரு விளக்கம் தவறாமல் வந்துவிடுகிறது. ஜப்பானியர் சாமுராய் மரபில் வந்தவர்கள், சாவுக்கு அஞ்சாதவர்கள். ஆகவே விமானியின் முதுகுக்குப் பின்னால் கவசத் தகடு வைப்பதையும் எரிபொருள் தொட்டிக்குப் பாதுகாப்பு அளிப்பதையும் கோழைத்தனமாகக் கருதினார்கள். அதனால்தான் ஜப்பானியக் கடற்படையின் ஜீரோ போர் விமானம் அவ்வளவு எளிதில் தீப்பிடித்தது என்பது அந்த விளக்கம். ஒரு நாட்டின் பொறியியல் வரலாற்றை அந்நாட்டு மக்களின் குணத்தைக் கொண்டு விளக்கிவிடும் இந்தப் பழக்கத்தை நான் முற்றாக மறுக்கிறேன். விடையைத் தேட வேண்டிய இடங்கள் இரண்டு. ஒன்று, எஞ்சினின் குதிரைத்திறன். மற்றொன்று, கடற்படைத் தலைமை எழுதிக் கொடுத்த தேவைப் பட்டியல்.

1939இல் போர் தொடங்கியபோது பிரிட்டனின் ஸ்பிட்ஃபயர், ஹரிக்கேன் விமானங்களிலும் விமானியின் இருக்கைக்குப் பின்னால் கவசத் தகடு கிடையாது. அது 1940இல்தான் வந்து சேர்ந்தது. பிரிட்டிஷாரை யாரும் சாமுராய்கள் என்று சொல்வதில்லை. அவர்களால் பிற்பாடு எடையைக் கூட்டிக்கொள்ள முடிந்ததற்குக் காரணம், 1,030 குதிரைத்திறனில் தொடங்கிய மெர்லின் எஞ்சின் 1942 வாக்கில் 1,500ஐத் தாண்டிவிட்டது என்பதுதான். அதே காலத்தில் ஜீரோவின் சகாயே எஞ்சின் 940இலிருந்து 1,130 வரைதான் ஏறியது. கூடுதல் எடையைச் சுமக்கும் வலு ஒருவரிடம் இருந்தது, மற்றவரிடம் இல்லை.

இந்த வலுக்குறைவுக்கு ஒரு முன்கதை உண்டு. ஜப்பானில் முதல் விமானம் பறந்தது 1910 டிசம்பரில், தோக்கியோவின் யொயோகி மைதானத்தில். ராணுவ அதிகாரி யொஷிதோஷி தொக்குகாவா ஓட்டிய அந்த ஃபார்மன் விமானம் பிரான்சிலிருந்து வாங்கப்பட்டது. 1919இல் பிரெஞ்சுக் குழு ஒன்று தரைப்படை விமானிகளுக்குப் பயிற்சி அளித்தது. 1921இல் செம்பில் தலைமையிலான பிரிட்டிஷ் குழு கசுமிகவுராவில் கடற்படை விமானிகளைப் பழக்கியது. சாப்வித் நிறுவனத்தில் பணியாற்றிய ஹெர்பர்ட் ஸ்மித் மிட்சுபிஷிக்கு வந்து, விமானந்தாங்கிக் கப்பலிலிருந்து கிளம்பும் போர் விமானத்தை வடிவமைத்துக் கொடுத்தார். கவாசாகியில் ஜெர்மானியரான ரிச்சர்ட் ஃபோக்ட் ஓர் இளைய தலைமுறையையே உருவாக்கினார். விமான உடலை வடிவமைக்கும் கலையை ஜப்பானியர் வெகு விரைவில் தமதாக்கிக்கொண்டார்கள். 1935இல் ஜிரோ ஹொரிகோஷி வடிவமைத்துப் பறந்த மிட்சுபிஷி விமானமே அதற்குச் சான்று. பிற்பாடு 96ஆம் வகைப் போர் விமானமாகக் கடற்படையில் சேர்ந்த அதன் ஆணித்தலைகள் உலோகத் தோலோடு சமமாகப் பதிக்கப்பட்டு, காற்றின் இழுவையைக் குறைத்தன. எஞ்சின் கலை அவ்வளவு விரைவில் கைகூடவில்லை. உலோகக் கலவை, பேரிங், நுண்ணிய அளவுக் கடைசல், உயர்ரகப் பெட்ரோல் ஆகிய அத்தனையும் ஒரு நாட்டில் ஒருசேர வளர்ந்தால்தான் நல்ல எஞ்சின் பிறக்கும். ஒரு மேதை மேசையில் உட்கார்ந்து வரைந்து அதை உண்டாக்கிவிட முடியாது.

1937இல் கடற்படை அடுத்த போர் விமானத்துக்கான, அதாவது பின்னாளில் ஜீரோ ஆன விமானத்துக்கான, நிபந்தனைகளை வெளியிட்டது. மணிக்கு 500 கிலோமீட்டர் வேகம், இரண்டு 20 மில்லிமீட்டர் பீரங்கிகள், கூடுதல் தொட்டியுடன் ஆறு மணி நேரத்துக்கு மேல் வானில் நிற்கும் திறன், இவற்றோடு முந்தைய விமானத்துக்கு நிகரான வளைந்து திரும்பும் லாகவம் என்று எல்லாமே ஒரே விமானத்தில் வேண்டும் என்றார்கள். நகாஜிமா நிறுவனம் இது ஆகாத காரியம் என்று விலகிக்கொண்டது. ஹொரிகோஷியின் குழு ஒப்புக்கொண்டது. கையில் இருந்ததோ ஆயிரம் குதிரைத்திறனைக்கூட எட்டாத எஞ்சின். ஆகவே ஒவ்வொரு கிராமையும் எண்ணி எண்ணிக் குறைத்தார்கள். சுமித்தோமோ நிறுவனம் உருவாக்கிய புதிய, உறுதியான அலுமினியக் கலவையை இறக்கையின் முதன்மைச் சட்டத்துக்குப் பயன்படுத்தினார்கள்; வலுவுக்குத் தேவைப்படாத இடங்களிலெல்லாம் துளையிட்டு உலோகத்தை அகற்றினார்கள். வெறும் விமானத்தின் எடை சுமார் 1,680 கிலோவில் நின்றது. அந்த நிபந்தனைப் பட்டியலில் விமானிக்கான கவசம் இடம்பெறவில்லை என்பதை அழுத்திச் சொல்ல விரும்புகிறேன். பட்டியலில் இருந்தவற்றை வடிவமைப்பாளர் கொடுத்தார். பட்டியலை எழுதியவர்களின் பெயர்கள் மறக்கப்பட்டன, வடிவமைப்பாளரின் பெயர் மட்டும் நிலைத்தது, அவர் மீது பழியும் நிலைத்தது.

எடையை இப்படிச் சுரண்டி எடுத்ததற்கு விலை உடனே கொடுக்க வேண்டியிருந்தது. 1940 மார்ச்சில் இரண்டாவது சோதனை விமானம் வானிலேயே சிதறி, சோதனை விமானி ஒக்குயாமா உயிரிழந்தார். 1941 ஏப்ரலில் கடற்படையின் லெப்டினன்ட் ஷிமோகாவா, மற்றொரு ஜீரோவில் நேர்ந்த அதிர்வுக் கோளாறின் காரணத்தைக் கண்டறியத் தாமே பறந்து, பாய்ந்திறங்கும்போது விமானம் உடைந்து மாண்டார். இறக்கையின் விளிம்பில் அசையும் எய்லரான் பலகை, குறிப்பிட்ட வேகத்தில் இறக்கையோடு சேர்ந்து தானாகவே படபடக்கத் தொடங்கியதே ஷிமோகாவாவின் விபத்துக்குக் காரணம். காற்றுச் சுரங்கத்தில் சோதித்த மாதிரியின் விறைப்பு, உண்மை இறக்கையின் விறைப்போடு ஒத்துப்போகவில்லை என்பதைக் கடற்படையின் அதிர்வு ஆய்வாளர் ததாஷி மட்சுதைரா கண்டறிந்தார். (இதே மட்சுதைராதான் போருக்குப் பின் ரயில்வே ஆய்வகத்தில் சேர்ந்து, ஷின்கான்சென் அதிவேக ரயிலின் சக்கரச் சட்டங்கள் அதிராமல் ஓட வழிசெய்தவர்.) ஒரு விமானியின் சாவுக்காக இத்தனை நுணுக்கமாகக் காரணம் தேடி, இறக்கைத் தோலைத் தடிப்பாக்கி, எய்லரானைத் திருத்திய மனிதர்களை உயிரை மதிக்காதவர்கள் என்று எப்படிச் சொல்வது?

குண்டுவீச்சு விமானத்தின் கதை என் வாதத்துக்கு இன்னும் வலுவூட்டுகிறது. 800 கிலோ டார்பிடோவைச் சுமந்துகொண்டு சுமார் 3,700 கிலோமீட்டர் பறக்க வேண்டும், அதுவும் இரண்டே எஞ்சின்களைக் கொண்டு பறக்க வேண்டும் என்று கடற்படை கேட்டது. இதற்கு இறக்கை முழுவதையும் எரிபொருள் தொட்டியாக்கினால்தான் முடியும். தொட்டிக்குப் பாதுகாப்புத் தோல் போர்த்தினால் தூரம் குறைந்துவிடும். வடிவமைப்பாளர் கிரோ ஹொஞ்ஜோ நான்கு எஞ்சின்கள் வைக்கலாம், அப்போது பாதுகாப்பும் சாத்தியம் என்று எடுத்துச் சொன்னார். கடற்படை மறுத்தது. அமெரிக்கர்கள் ‘பெட்டி’ (Betty) என்ற பெண் பெயரால் அழைத்த மிட்சுபிஷி ஜி4எம் அப்படித்தான் பிறந்தது. அதன் இறக்கையில் பட்ட குண்டு பெரும்பாலும் தீயாகவே முடிந்தது. 1943 ஏப்ரல் 18 அன்று ஜப்பானியக் கூட்டுக் கடற்படையின் தலைவர் அட்மிரல் யமமோட்டோ மாண்டதும் இந்த வகை விமானத்தில்தான். ஆபத்தை முன்கூட்டியே கண்டு மாற்று வழி சொன்ன பொறியாளர் ஒருவர் இங்கே இருக்கிறார், மறுத்தது மேலிடம்.

இந்தக் குறைகள் நெடுநாள் வெளியே தெரியவில்லை. 1940 செப்டம்பர் 13 அன்று சீனாவின் சோங்சிங் நகர வானில் 13 ஜீரோக்கள் ஒரு விமானத்தையும் இழக்காமல் சீன விமானப்படையின் பெரும் அணியை முறியடித்தன. 1942 ஏப்ரலில் இதே கடற்படை இலங்கைக்கு வந்தது. ஏப்ரல் 5, ஈஸ்டர் ஞாயிறன்று கொழும்பு தாக்கப்பட்டது; ஏப்ரல் 9 அன்று திருகோணமலை. அன்றே மட்டக்களப்புக்கு அப்பால் விமானங்கள் ஒன்றுமில்லாமல் சென்றுகொண்டிருந்த பிரிட்டிஷ் விமானந்தாங்கிக் கப்பல் ஹெர்மிஸை, ஐச்சி நிறுவனத்தின் 99ஆம் வகைப் பாய்ந்திறங்கும் குண்டுவீச்சு விமானங்கள் மூழ்கடித்தன. சக்கரங்களை உள்ளிழுக்கவும் இயலாத, பார்வைக்குப் பழமையான அந்த விமானங்கள், தேர்ந்த விமானிகளின் கையில் இருந்ததால், போரில் வேறெங்கும் அரிதாகவே காணப்பட்ட துல்லியத்தோடு குண்டு வீசின. விமானியின் திறமை எஞ்சினின் வலுக்குறைவை மறைத்த காலம் அது. மூன்றே மாதங்களில் அலாஸ்காவை ஒட்டிய அலூஷன் தீவுகளின் அக்குதான் தீவில் சதுப்பு நிலத்தில் கவிழ்ந்து கிடந்த ஒரு ஜீரோவை அமெரிக்கர்கள் கண்டெடுத்து, செப்பனிட்டு, சான் டியேகோவில் பறக்கவிட்டுப் பார்த்தார்கள். அதிவேகத்தில் எய்லரான் இறுகிவிடுகிறது, விமானத்தின் மூக்கைச் சட்டென்று கீழே தள்ளினால் எஞ்சின் தடுமாறுகிறது என்பவை அப்போது வெட்டவெளிச்சமாயின.

சாமுராய் விளக்கம் உண்மையானால், வலுவான எஞ்சின் வந்த பிறகும் கவசம் வந்திருக்கக் கூடாது. நடந்ததோ நேர்மாறானது. நகாஜிமாவின் 18 சிலிண்டர் ஹொமாரே எஞ்சின் இரண்டாயிரம் குதிரைத்திறனை நெருங்கியதும், அதைக் கொண்டு செய்யப்பட்ட தரைப்படையின் ஹயாத்தே விமானத்தில் தலைக்கும் முதுகுக்கும் கவசத் தகடும், தடித்த குண்டு துளைக்காத கண்ணாடியும், துளைபட்டால் தானே அடைபடும் தொட்டிகளும் இடம்பெற்றன. நான்கு எஞ்சின்கள் கொண்ட கவானிஷியின் பறக்கும் படகிலும், அதாவது கடலிலிருந்தே எழும்பிக் கடலிலேயே இறங்கும் எச்8கே விமானத்திலும், கவசமும் பாதுகாக்கப்பட்ட தொட்டிகளும் இருந்தன. தரைப்படையின் மற்றொரு போர் விமானமான ஹயபுசா இன்னும் முக்கியமான சான்று. ஜீரோவுக்கு இணையான வலுவே கொண்ட எஞ்சின் வந்ததும், தரைப்படை அதன் இரண்டாம் வடிவத்தில் கவசத் தகட்டைச் சேர்த்துவிட்டது. ஆகவே ஜீரோவிலும் ஓரளவு பாதுகாப்பை முன்பே சேர்த்திருக்க முடியும் என்பதை ஒப்புக்கொள்ளத்தான் வேண்டும். தூரத்தை விட்டுக்கொடுக்கக் கடற்படைக்கு மனம் வரவில்லை. அந்தப் பொறுப்பு கடற்படையைச் சேர்ந்தது.

ஹொமாரேயும் நிம்மதி தரவில்லை. 100 ஆக்டேன் பெட்ரோலை, அதாவது மிக உயர்ந்த தரமுள்ள பெட்ரோலை, நம்பி வரையப்பட்ட எஞ்சின் அது. 1939 டிசம்பரிலேயே உயர்ரக விமானப் பெட்ரோல் தயாரிக்கும் நுட்பத்தை ஜப்பானுக்குக் கொடுக்க வேண்டாம் என்று அமெரிக்க அரசு தன் நிறுவனங்களைக் கேட்டுக்கொண்டது. 1940இல் உயர் ஆக்டேன் பெட்ரோலின் ஏற்றுமதியே கட்டுப்படுத்தப்பட்டது. எனவே தரம் குறைந்த பெட்ரோலோடு நீரும் மெத்தனாலும் பீய்ச்சி ஹொமாரேயை ஓட்ட வேண்டியதாயிற்று. ஜீரோவுக்கு வாரிசாக ஹொரிகோஷி வடிவமைத்த ரெப்பூ விமானத்திலும் அதையே பொருத்த வேண்டும் என்று கடற்படை பிடிவாதம் பிடித்தது. 1944 மே மாதம் பறந்தபோது எதிர்பார்த்த வேகம் வரவில்லை. மிட்சுபிஷி தன் சொந்த எஞ்சினைப் பொருத்தி அக்டோபரில் பறக்கவிட்டதும் அதே உடல் சிறப்பாகப் பறந்தது. அதற்குள் காலம் கடந்துவிட்டது. டிசம்பர் 7 அன்று பெரும் நிலநடுக்கம் நகோயா வட்டாரத் தொழிற்சாலைகளைக் குலைத்தது. அடுத்த வாரமே அமெரிக்காவின் பி-29 குண்டுவீச்சு விமானங்கள் அங்கிருந்த எஞ்சின் ஆலையைத் தாக்கின. ரெப்பூ பத்துக்கும் குறைவாகவே உருவாயிற்று. அந்த ஆலைகள் இயங்கிய விதத்தையும் சொல்ல வேண்டும். மிட்சுபிஷியின் நகோயா ஆலையை ஒட்டி ஏற்ற விமானத்தளம் இல்லாததால், முடித்த ஜீரோக்களைப் பிரித்து மாட்டு வண்டிகளில் ஏற்றி, சுமார் 48 கிலோமீட்டர் தொலைவிலுள்ள ககாமிகஹாராவுக்கு மோசமான சாலைகளில் கொண்டுசென்றார்கள்.

கவாசாகி தரைப்படைக்காகச் செய்த ஹியென் போர் விமானம் எனக்கு மிகவும் பிடித்தது. அதன் கதை மிகுந்த வருத்தம் தருவதும்கூட. ஜெர்மனியின் டைம்லர்-பென்ஸ் எஞ்சினை உரிமம் பெற்றுத் தரைப்படைக்காகக் கவாசாகியும், கடற்படைக்காக ஐச்சியும் தனித்தனியே தயாரித்தன. இரு படைகளும் ஒன்றோடொன்று பேசிக்கொள்ளவில்லை. எஞ்சினின் முதன்மைச் சுழல்தண்டான கிராங்க் ஷாஃப்ட்டும் பேரிங்குகளும் ஓயாமல் பழுதாயின. மேம்படுத்திய எஞ்சின் போதிய அளவில் வராததால், எஞ்சின் இல்லாத ஹியென் உடல்கள் ஆலையில் வரிசையாகத் தேங்கி நின்றன. 1945 பிப்ரவரியில் அவற்றில் ஒன்றுக்குக் காற்றால் குளிரும் மிட்சுபிஷி எஞ்சினைப் பொருத்திப் பறக்கவிட்டார்கள். கி-100 என்ற பெயரில், விமானிகளும் பழுது பார்ப்பவர்களும் ஒருசேர நம்பிய விமானமாக அது அமைந்தது. தேங்கிய 275 உடல்கள் இப்படி உயிர்பெற்றன. வேகம் சற்றுக் குறைந்தாலும் கிளப்பினால் கிளம்பும் எஞ்சின் கிடைத்ததே பெரும்பேறு என்று வடிவமைப்பாளர் தக்கியோ தொய்யின் குழு உணர்ந்திருந்தது.

மனித உயிரை அலட்சியப்படுத்திய முடிவுகள் ஜப்பானில் எடுக்கப்படவே இல்லை என்று நான் வாதிடவில்லை. 1944 அக்டோபர் 25 அன்று 250 கிலோ குண்டுகளைக் கட்டிய ஜீரோக்கள் பிலிப்பைன்ஸின் லெய்ட்டே தீவருகே அமெரிக்கக் கப்பல்கள் மீது மோதத் தொடங்கின. இளைஞர்களை அப்படி அனுப்பியது மன்னிக்க முடியாத செயல். ஆனால் 1944இன் அந்த முடிவை எடுத்துக்கொண்டு போய், 1937இல் வரைபலகை முன் நின்ற பொறியாளர்களின் மனத்தில் ஒட்டவைப்பது வரலாறு ஆகாது.

தோல்விக்குப் பின் 1952 வரை ஜப்பானில் விமானம் தயாரிக்கவே அனுமதி இல்லை. தடை நீங்கியபின், எச்8கே பறக்கும் படகை வடிவமைத்த ஷிசுவோ கிக்குஹாரா, கவானிஷியின் வழிவந்த ஷின்மெய்வா நிறுவனத்தில் 1967இல் பிஎஸ்-1 என்ற கடல் விமானத்தைப் பறக்கவைத்தார். அதன் வாரிசான யூஎஸ்-2 மூன்று மீட்டர் அலையிலும் இறங்கக்கூடியது. இந்தியக் கடற்படைக்காக அதை வாங்குவது குறித்துப் பல ஆண்டுகள் பேச்சு நடந்தது. கடல் விமான உடலமைப்பில் ஜப்பானியரை விஞ்ச இன்றும் ஆள் அரிது என்பதே என் கருத்து. அந்த யூஎஸ்-2இன் இறக்கையில் சுழலும் நான்கு டர்போபுரொப் எஞ்சின்கள் ரோல்ஸ்-ராய்ஸ் நிறுவனத்தின் வடிவமைப்பு.