ஷின்சான் சாகவில்லை

ஜப்பானியக் கார்ட்டூன் பையன் ஷின்சான் இறந்துவிட்டான் என்று நேற்று முன்தினம் முதல் சுற்றிக்கொண்டிருக்கும் அந்தப் படத்தை யார் பகிர்ந்தார், அதன் கீழே நான் என்ன எழுதினேன், பதிலுக்கு எத்தனை சிரிப்புக் குறிகள் விழுந்தன என்பதையெல்லாம் நீங்கள் பார்த்திருப்பீர்கள்; மறுபடி விவரிக்கப் போவதில்லை. "ஷின்சானின் உண்மையான முடிவு" என்ற தலைப்போடு அந்தப் படத்தில் வந்த கதை பொய் என்று இரண்டே வரியில் எழுதியதற்கு எனக்குக் கிடைத்த பட்டம் "கார்ட்டூனுக்கு வக்கீல்". சரி, வக்கீல் என்றே வைத்துக்கொள்ளுங்கள், வழக்கைச் சொல்லிவிடுகிறேன்.

தங்கையைக் காப்பாற்றப் போய் ஷின்சான் கார் மோதி இறந்துவிட்டான், துக்கம் தாங்காத தாய் அவனுடைய கிரேயான்களை எடுத்து வரைந்ததுதான் இந்தத் தொடர் என்பது அந்தக் கட்டுக்கதை. 1990இல் யோஷிட்டோ உசுயி என்ற ஜப்பானிய ஓவியர் ஒரு வார இதழில் தொடங்கிய சித்திரக்கதை இது. 1992இல் தொலைக்காட்சிக்கு வந்தது. தங்கை ஹிமாவாரி கதைக்குள் பிறந்ததே 1996இல்தான். இறந்தவர் உசுயி, 2009 செப்டம்பரில் மலையேறப் போன இடத்தில் பாறை விளிம்பிலிருந்து விழுந்து இறந்தார், அவருடைய உதவியாளர்கள் கதையைத் தொடர்ந்தார்கள். வரைந்த மனிதரின் நிஜச் சாவைப் பற்றி ஒரு வரி எழுதாதவர்கள், சாகாத ஐந்து வயதுப் பையனுக்குக் கூடி உட்கார்ந்து ஒப்பாரி வைப்பதைத்தான் என்னால் பொறுத்துக்கொள்ள முடியவில்லை.

எனக்கு ஏன் இவ்வளவு கோபம் என்று கேட்பவர்களுக்காக இதையும் சொல்கிறேன். என் தங்கை மகளுக்கு எட்டு வயது. சில மாதங்களுக்கு முன் இதே கதையை யாருடைய கைப்பேசியிலோ பார்த்துவிட்டு வந்து, "பெரியம்மா, ஷின்சான் நிஜமாவே செத்துட்டானா?" என்று கேட்டாள். இல்லையென்று சொன்னேன், நம்பினாள் என்றுதான் நினைத்தேன். ஒரு வாரம் கழித்து அலமாரியின் அடித்தட்டில் துணி எடுக்கும்போது அவளுடைய கிரேயான் பெட்டி பழைய ஸ்வெட்டருக்குள் சுருட்டி வைக்கப்பட்டிருந்தது. ரப்பர் பேண்டு இரண்டு சுற்று. ஏன் என்று கேட்டதற்கு, "அம்மா எடுத்து வரைஞ்சிடக் கூடாதுன்னு" என்றாள். ஒரு குழந்தை தன் சாவைப் பற்றி யோசித்த விதம் அது. சிரிப்புக் குறி போட்டவர்கள் இதற்கும் ஒன்று போடுங்கள்.

ஷின்சானோடு நின்றதா? டோரேமான் என்ற இன்னொரு ஜப்பானியக் கார்ட்டூனில் வரும் சிறுவன் நோபிதா கோமாவில் கிடக்கிறானாம், தொடர் முழுக்க அவன் கனவாம். டோரேமானை உருவாக்கியவர் 1996இல் இறந்தபோது தொடருக்கு இறுதி முடிவு எதையும் எழுதி வைக்கவில்லை, அவ்வளவுதான். டாம் அண்ட் ஜெர்ரியின் கடைசிப் படத்தில் இரண்டும் தண்டவாளத்தில் உட்கார்ந்து ரயிலுக்குக் காத்திருக்கின்றன என்று எத்தனை முறை படித்திருப்பீர்கள்! அந்தப் படம் உண்மையானது, 1956இல் வந்தது. ஆனால் கடைசிப் படம் அது இல்லை. 1958 வரை அதே ஆட்கள் அதே பூனையையும் எலியையும் ஓடவிட்டுக்கொண்டுதான் இருந்தார்கள்.

"ரசிகர்களின் கற்பனைக்குத் தடை போடுகிறீர்களா?" என்று ஒருவர் கேட்டார். இல்லை. ஸ்பாஞ்ச்பாப் என்ற கார்ட்டூன் பாத்திரம் கோழி மாதிரி வளைந்து நிற்கும் கேலிப் படத்தை நானே நூறு தடவை அனுப்பியிருக்கிறேன். "கம்பன் மாற்றி எழுதவில்லையா?" என்று இன்னொருவர். எழுதினார், ஐயா. தமக்கு முன் அந்தக் கதையைச் சொன்னவர்களைப் பாயிரத்திலேயே குறிப்பிட்டுவிட்டு, முன்னோடியை வணங்கிவிட்டு எழுதினார்; வால்மீகி மறைத்து வைத்த கடைசிக் காண்டம் இதோ என்று ஓலை நீட்டவில்லை. 2005இல் ஒரு ரசிகர் டோரேமானுக்குத் தாமே ஒரு முடிவு வரைந்து விற்றார். மூலத்தை அப்படியே உரித்து வைத்தது போலிருந்ததால் அதையே அசல் முடிவு என்று பலர் நம்பினார்கள். பதிப்பகம் கண்டித்த பிறகு 2007இல் மன்னிப்புக் கேட்டு, வந்த பணத்தில் ஒரு பகுதியையும் அவர் கொடுத்தார். அவராவது உட்கார்ந்து வரைந்தார். நம்மவர்கள் பகிர்வுப் பொத்தானை அழுத்தியதைத் தவிர வேறு என்ன செய்தார்கள்?

"வெறும் கார்ட்டூன்தானே" என்பதற்குப் பதில் சொல்லக்கூடத் தோன்றவில்லை. வெறும் கார்ட்டூன் என்றால் அதற்கு ஏன் ஒரு பிணம் தேவைப்படுகிறது? ஒரு பையன் சேட்டை செய்கிறான், அம்மா தலையில் குட்டுகிறாள், புடைப்பு எழும்புகிறது, மறுநாளும் அதே சேட்டை. இதில் உள்ளே ஒரு சாவு ஒளிந்திருந்தால்தான் பெரியவர்கள் பார்க்கத் தகுந்ததாகிவிடும் என்ற நினைப்பு எங்கிருந்து வந்தது? சந்தோஷமாக இருப்பதைச் சந்தோஷமாகவே இருக்கவிட முடியாதவர்கள் என்னை ரசனை கெட்டவள் என்கிறார்கள். அப்படிச் சொன்னவர்களில் ஒருவர் என் வீட்டில் சாப்பிட்டவர், என் அப்பா இறந்தபோது மூன்று நாள் கூடவே இருந்தவர். அவரிடம் பேசித் தீர்த்துக்கொண்டிருக்கலாம் என்கிறீர்களா? அவர் மட்டும் எனக்குத் தனியாகவா எழுதினார்?

குழந்தை இப்போது மறுபடியும் ஷின்சான் பார்க்கிறாள். நேற்று மாலை தொடக்கப் பாட்டு ஓடிக்கொண்டிருக்கும்போதே திரும்பி, "பெரியம்மா, இது அவன் சாகறதுக்கு முன்னாடி எடுத்ததா?" என்றாள். அவளிடம் என்ன சொல்லலாம் என்று தெரிந்தவர்கள் மட்டும் கீழே எழுதுங்கள்.